படச்சுருளும் ஏட்டுச்சுவடியும்

ஐம்பெருங்காப்பியங்கள் என்று ஐந்தினைப் பெயர் சொல்லி எண்ணிப் பெருமை கொள்கின்றோம். ஆயின் அவ்வைந்தனுள் வளையாபதியும் குண்டலகேசியும் முழுமையாக நமக்குக் கிடைத்தில. உரையாசிரியர் தம் உரையிடையே எடுத்துக்காட்டிய செய்யுட்களும், பிற்காலத்துத் தொகைநூலிற் சேர்ந்த செய்யுட்களுமே எஞ்சி நிற்கின்றன. நூல் போயிற்று, மேற்கோள் நின்றது. பண்டை ஏடுகளுட் பெரும்பாலன பகைவர் கொளுத்தியதால் அழிந்தனவல்ல. படியெடுப்பாரின்றிச் செல்லரித்தும், பரணிற் கிடந்து பொடிந்தும், வீட்டார் பயனறியாது ஆடிப்பெருக்கில் ஆற்றில் விட்டும் அழிந்தன. ஊர்தோறும் அலைந்து, கதவுதோறும் தட்டி, எஞ்சிய ஏடுகளைத் தேடி எடுத்த உ. வே. சாமிநாதையர் 1887-ஆம் ஆண்டிற் சீவக சிந்தாமணியை அச்சேற்றியிராவிடின், இன்று நம் வகுப்பில் அந்நூலின் பெயரை மட்டுமே சொல்லிக்கொண்டிருப்போம்.

இக்கதை பனையோலையோடு முடிந்துவிட்டதென்று நினைத்தல் தவறு. நேற்றுப் பிறந்த திரைக்கலைக்கும் இதே கதி நேர்ந்துள்ளது. நடராஜ முதலியார் சென்னையில் எடுத்த ‘கீசகவதம்’ தென்னாட்டின் முதல் ஊமைப்படம். அதன் ஓரடிச் சுருளும் இன்று இல்லை. 1931 அக்டோபர் 31-இல் வெளிவந்த ‘காளிதாஸ்’ தமிழ் பேசிய முதற் படம், அதுவும் இல்லை. எம். எஸ். சுப்புலட்சுமி அம்மையார் முதன்முதல் நடித்த ‘சேவாசதனம்’ 1938-இல் வந்தது. அதன் பிரதியும் எங்கும் இருப்பதாகத் தெரியவில்லை. இப்படங்களைப்பற்றி நாம் அறிவனவெல்லாம் பழைய பாட்டுப் புத்தகங்களாலும், பத்திரிகை விளம்பரங்களாலும், நிழற்படங்களாலும், கண்டோர் எழுதிய குறிப்புக்களாலும் அறிவனவே. படம் போயிற்று, மேற்கோள் நின்றது. வளையாபதியின் நிலையும் காளிதாஸின் நிலையும் ஒன்றே. வேற்றுமை யாதெனின், முன்னது பல நூற்றாண்டுகளில் நேர்ந்தது. பின்னதற்கு ஒரு மனிதனின் வாழ்நாளே போதியதாயிற்று.

இதனை இம்மலரில், கம்பம் பள்ளத்தாக்கின் மக்களிடையே பேசுவது ஏன் என்று சிலர் வினவலாம். காரணம் உண்டு. மேகமலைக்கும் மேற்கு மலைக்கும் இடையே ஓடும் இச்சிறு நிலம் தமிழ்த் திரைக்கு அளித்த கொடை சிறிதன்று. பண்ணைப்புரத்திற் பிறந்து, தம் தமையனார் பாவலர் வரதராசனுடன் மேடைதோறும் ஆர்மோனியம் வாசித்துத் திரிந்த இளைஞர், 1976-இல் ‘அன்னக்கிளி’ என்னும் படத்தின் வாயிலாக இளையராஜா என்னும் பெயருடன் வெளிப்பட்டார். தேனி அல்லிநகரத்தினின்று சென்ற பாரதிராஜா 1977-இல் ‘16 வயதினிலே’ என்னும் தம் முதற் படத்தை இயக்கினார். வடுகபட்டியில் வளர்ந்த வைரமுத்து 1980-இற் பாடலாசிரியராகத் திரையுட் புகுந்தார். அரங்கிற் கட்டிய செயற்கைத் தெருவை விட்டு நீங்கி, மெய்யான கிராமத்துப் புழுதியிற் படக்கருவியை நிறுத்தும் வழக்கம் பெருகியதற்கு ‘16 வயதினிலே’ பெருங்காரணம் என்பதை யாவரும் ஒப்புவர். அப்படம் எடுக்கப்பட்ட ஊர்கள் மைசூர்ப் பக்கத்தன. ஆயினும் அதில் உலவிய பேச்சும் மனமும் நம் பக்கத்தன. அண்மையில், 2018-இல், லெனின் பாரதி இயக்கிய ‘மேற்குத் தொடர்ச்சி மலை’யோ நம் மலையடிவாரத்திலேயே எடுக்கப்பட்டது. ஏலக்காய் மூட்டை சுமந்து மலையேறும் நிலமற்ற கூலியாளின் வாழ்வை அது உள்ளவாறு காட்டிற்று. அதற்கும் இசை பண்ணைப்புரத்தாரே.

ஆதலின் இச்செல்வம் நம் வீட்டுச் செல்வம். ஆனால் இதன் பிறப்பைப்பற்றிப் பெருமை பேசும் நாம், இதன் இருப்பைப்பற்றி ஒருபோதும் விசாரிப்பதில்லை. ‘அன்னக்கிளி’யின் மூலச் சுருள் யாண்டுளது, எந்நிலையிலுளது என்று நம்முள் எத்துணைப் பேர் கேட்டிருக்கின்றோம்?

படச்சுருள் எவ்வாறு அழிகின்றது என்பதைச் சிறிது அறிதல் நலம். 1950-களின் தொடக்கம் வரையிற் பயன்பட்ட நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பற்றுவது. ஒருமுறை பற்றினால் நீராலும் அணைத்தற்கரிது. 2003 சனவரியிற் புனே நகரில் நேர்ந்த தீயில் அவ்வகைச் சுருள்கள் மிகப்பல அழிந்தன. பின்னர் வந்த அசிட்டேட் சுருள் எளிதில் தீப்பற்றாது. ஆனால் வெப்பமும் ஈரமும் பட்டால் தானே உட்குலைந்து புளிக்காடி நாற்றம் வீசத் தொடங்கும். சுருங்கும், நெளியும், இறுதியில் ஒட்டிக் கட்டியாகும். ஒரு பெட்டியில் தோன்றிய அக்கேடு அருகிலுள்ள பெட்டிகளிலும் பரவும். வண்ணப்படங்களிலோ நீலமும் பச்சையும் மங்கிச் செந்நிறம் ஒன்றே எஞ்சும். நம் நாட்டு வெயிலிற் குளிரூட்டாத அறையில் வைத்த சுருளுக்கு நீண்ட ஆயுள் இல்லை. இயற்கையின் கேடு இவ்வாறாக, மனிதர் செய்த கேடும் உண்டு. கறுப்பு வெள்ளைச் சுருளில் வெள்ளி கலந்திருத்தலின், ஓடி முடிந்த பிரதிகளை எடைக்கு வாங்கி வெள்ளி பிரித்தெடுத்தல் ஒரு தொழிலாகவே நடந்தது. நம் பாட்டனார் கண்ணீர் விட்டுக் கண்ட படங்கள் எவர் வீட்டு வெள்ளிக் கிண்ணமாயினவோ, யார் அறிவார்!

இவ்விடத்தில் என் இளமையில் நேர்ந்த ஒன்றைச் சொல்ல விரும்புகின்றேன். கம்பத்தில் ஒலிநாடாப் பதிவுக் கடை ஒன்று இருந்தது. கடைக்காரர் பள்ளிப்படிப்பை இடையில் நிறுத்தியவர்; ஆயினும் ஒழுங்கிற் பேராசிரியர். ஒவ்வொருவரும் எந்தப் பாட்டை எந்த வரிசையிற் பதிந்து கேட்டனர் என்பதை நீண்ட கணக்கேட்டில் எழுதி வைப்பார். திராட்சைத் தோட்டக்காரர், ஏலத்தோட்டத்திற்கு வேலைக்குச் செல்லும் பெண்கள், வெளிநாடு போகும் இளைஞர், திருமண வீட்டார் ஆகிய யாவருடைய விருப்பமும் நாள் குறித்து அவ்வேடுகளில் இருந்தது. படங்களின் கதைவசனத்தை முழுமையாகப் பதிந்த நாடாக்களும் அவரிடம் இருந்தன. திருவிழாக் காலத்திற் குழாய் ஒலிபெருக்கியில் அவற்றைப் போடுவர். வயலில் வேலை செய்வோர் படத்தைக் கண்ணாற் காணாமலே, வசனத்தையும் அதனிடையே எழும் பின்னணி இசையையும் காதாற் கேட்டு மனப்பாடம் செய்திருந்தனர்.

குறுந்தட்டுக்கள் வந்தன, பின் கைப்பேசி வந்தது. கடை மூடப்பட்டது. ஒருநாள் நான் சென்றபோது நாடாக்கள் சாக்குகளிற் கட்டப்பட்டு, பழைய சாமான் வாங்குவோரின் தள்ளுவண்டியில் ஏறிக்கொண்டிருந்தன. கணக்கேடுகள் எங்கே என்றேன். ‘தாளெல்லாம் பொட்டலம் மடிக்கப் போயிற்று, தம்பி. அதையெல்லாம் யார் கேட்கப் போகிறார்கள்?’ என்றார். அவர் குரலில் வருத்தம் இல்லை, வியப்பே இருந்தது. ஒரு பள்ளத்தாக்கின் மக்கள் இருபதாண்டுக் காலம் எதனைக் கேட்டு அழுதனர், எதனைக் கேட்டு மகிழ்ந்தனர் என்பதன் ஒரே எழுத்துச் சான்று அவ்வேடு. அதனைக் கேட்டு வாங்கும் அறிவு அன்று எனக்கும் இல்லை. வீட்டுப் பரணைக் காட்டி ஏடு தந்த கிராமத்தாரினும், அதனை ஆற்றில் விட்ட கிராமத்தாரோடே என்னை நான் வைத்து எண்ணுகின்றேன். இக்கட்டுரை அப்பிழைக்குச் செய்யும் சிறு கழுவாய்.

இனி, இசையைப்பற்றித் தனியே ஒன்று சொல்லவேண்டும். படம் அழியினும் பாட்டு வாழும் என்று நாம் எண்ணி ஆறுதல் கொள்கின்றோம். பாட்டைப் பொறுத்த மட்டில் அது ஓரளவு உண்மையே. ‘காளிதாஸ்’ காலந்தொட்டுப் பாட்டுக்கள் இசைத்தட்டிலோ புத்தகத்திலோ தனி வாழ்வு பெற்றன. சி. ருத்ரய்யா 1980-இல் இயக்கிய ‘கிராமத்து அத்தியாயம்’ என்னும் படத்தைக் கண்டோர் இன்று அரியர். அதன் இசையை அறிந்தோர் பலர். ஆனால் திரையிசை என்பது பாட்டு மட்டுமோ? தாய் வாசலில் நின்று வழிபார்க்கும்போது எழும் ஒற்றைக் குழல், இரயில் வண்டி மறைந்தபின் எஞ்சும் அமைதி, அவ்வமைதியுள் மெல்லப் புகும் வயலின்கள் ஆகிய இவையன்றோ இளையராஜாவின் பெரும்பணி? பின்னணி இசை எனப்படும் அப்பகுதியை, ஒன்றிரண்டு கருவியிசைத் துண்டுகள் நீங்கலாக, அக்காலத்து இசைத்தட்டுக்கள் ஏற்றதில்லை. அது படச்சுருளின் ஓரத்தில், படக்கட்டங்களை ஒட்டி ஓடும் மெல்லிய ஒலிக்கோட்டில், வசனத்தோடு கலந்து மட்டுமே வாழ்கின்றது. சுருள் அழிந்தால் அவ்விசையும் அன்றே அழியும். ஏட்டின் உரை செய்யுளோடு சேர்ந்து செல்லரிப்பது போன்றதே இது. படத்தைக் காப்பது வேறு, இசையைக் காப்பது வேறு என்று பிரித்தல் இயலாது.

எல்லாப் படங்களுக்கும் ஒரே அளவான ஆபத்து இல்லை என்பதையும் கருதவேண்டும். பெருவெற்றி பெற்ற படத்திற்குப் பொருள் உண்டு. பொருளுள்ள இடத்திற் பாதுகாப்பும் ஒருவாறு உண்டு. 1964-இல் வந்த ‘கர்ணன்’ 2012-இற் புதுப்பிக்கப்பட்டு வெளியிடப்பட்டபோது மக்கள் மீண்டும் திரண்டனர். பெரிதும் அழியத்தக்கவை வேறு வகையின. வந்த நாளில் கூட்டம் பெறாது அரங்கைவிட்டு நீங்கி, பின்னர்ச் சிலரால் மட்டும் உயிரெனப் போற்றப்பட்டு, வாய்மொழியாலே புகழ் பரவிய படங்கள் அவை. இக்காலத்தார் அவற்றைக் ‘கல்ட்’ படங்கள் என்பர். ருத்ரய்யா 1978-இல் எடுத்த ‘அவள் அப்படித்தான்’ அத்தகையது. ஒரு கல்லூரிப் பேராசிரியர் கழுதைக்குட்டி ஒன்றை எடுத்து வளர்க்க, அதனால் அக்கிரகாரத்தில் எழும் விளைவுகளைக் காட்டும் ஜான் ஆபிரகாமின் ‘அக்ரஹாரத்தில் கழுதை’யும் அத்தகையதே. அது தேசிய விருது பெற்றது. ஆயினும் தொலைக்காட்சியில் அறிவிக்கப்பட்ட ஒளிபரப்புக் கைவிடப்பட்டது. இன்று மாணவர் காண்பன மங்கிய படிகளே. பாலுமகேந்திரா தம் ‘வீடு’, ‘சந்தியா ராகம்’ ஆகிய படங்களின் மூலச்சுருள்கள் இல்லாது போயினமையைச் சொல்லிச் சொல்லி வருந்தினார். தமிழகத்திற்கென ஒரு திரைப்பட ஆவணக் காப்பகம் வேண்டும் என்று 2014-இல் மறையும் வரை வற்புறுத்தினார். ‘வீடு’ 1988-இல் தேசிய விருது பெற்ற படம். விருது பெற்ற படத்தின் கதியே இதுவாயின், விருது பெறாதவற்றை யார் எண்ணுவார்?

இருளிடையே விளக்கேந்தியோரும் உளர். அவர்களை மறத்தல் நன்றியன்று. 1964-இற் புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தோன்றியது. அதனை வளர்த்த பி. கே. நாயர் பழஞ்சுருள்களைத் தேடி நாடெங்கும் அலைந்த செய்தி சாமிநாதையரின் ஏடு தேடிய பயணத்தையே நினைப்பூட்டும். கோட்டையூர் ரோஜா முத்தையா குப்பை என்று பிறர் எறிந்த பாட்டுப் புத்தகங்களையும் துண்டு விளம்பரங்களையும் தம் வீட்டிற் சேர்த்தார்; அச்சேமிப்பே 1994 முதற் சென்னையில் ஆராய்ச்சி நூலகமாகப் பயன் தருகின்றது. வி. ஏ. கே. ரங்காராவ் இசைத்தட்டுக்களைத் திரட்டினார். பிலிம் நியூஸ் ஆனந்தன் ஒவ்வொரு தமிழ்ப் படத்தின் விவரத்தையும் தனியொருவராய்க் குறித்து வைத்தார். அவர் உழைப்பு 2004-இற் பெருநூலாக வெளிவந்தது. அமெரிக்க நாட்டில் 1996-இல் தொடங்கிய இணைய ஆவணக் காப்பகம் உலகத்து நூல், ஒலி, படம் ஆகியவற்றை யாவர்க்கும் திறந்து வைத்துள்ளது. இந்தியப் படங்களுக்கெனக் குறிப்புரையோடு கூடிய இணையப் பெட்டகம் ஒன்றும் 2013 முதல் நடைபெறுகின்றது. குமுளி மலைக்கு அப்பாலுள்ள நம் அண்டை நாட்டார் எடுத்த ‘கும்மாட்டி’ என்னும் அரவிந்தனின் படம் 2021-இல் உலகத் தரத்திற் புதுப்பிக்கப்பெற்றது. 1993-இல் இலண்டன் நகரத்துத் தீயிற் கருகிய சத்யஜித் ராயின் ‘பதேர் பாஞ்சாலி’யின் மூலச்சுருளே பொறுமையோடு சீர்செய்யப்பட்டு 2015-இல் மறுபிறப்பெய்தியது. தீயிற் பட்ட சுருளையே மீட்க இயலுமாயின், பரணிற் கிடக்கும் சுருளை மீட்க இயலாதென்பது சோம்பலின் சொல்.

இம்முயற்சிக்கு எதிராகச் சிலர் கூறுவனவற்றையும் ஆராய்வோம்.

சினிமாவைக் காத்தல் கல்லூரிக்குத் தகுமோ என்பார் ஒரு சாரார். இப்பழைய மலர்களைப் புரட்டின், சினிமா மாணவரைக் கெடுக்கும் நஞ்சு என்று எழுதிய பெரியோரின் கட்டுரைகள் எதிர்ப்படலாம். அவர்கள் நோக்கம் தூயதே. ஆயின், காப்பது வேறு, புகழ்வது வேறு. நாட்டுப் பாடலையும் தெருக்கூத்தையும் ஒரு காலத்தில் கற்றோர் இழிவென்று ஒதுக்கினர். பின்னர் அவற்றைத் தேடி ஊரூராய் ஓடினர். ஓர் ஊரின் பேச்சும் உடையும் ஏரும் எருதும் வீட்டுத் திண்ணையும் எவ்வாறு இருந்தன என்பதை அறிய விரும்பும் வருங்கால ஆராய்ச்சியாளனுக்குத் தீய படமும் சான்றே.

எல்லாம் இணையத்தில் இருக்கின்றதே, இனிக் காக்க என்ன உளது என்பார் மற்றொரு சாரார். இவ்வெண்ணமே பெரும் இடர். நாம் கைப்பேசியிற் காணும் படம் எங்கிருந்து வந்தது? பெரும்பாலும் தொலைக்காட்சியிலிருந்தோ குறுந்தட்டிலிருந்தோ எடுத்த படி. அதிலிருந்து எடுத்த மற்றொரு படி. மேலும் கீழும் வெட்டுண்டது; இடையிற் காட்சி குறைந்தது; ஒலி நசுங்கியது; மூலையில் வணிகச் சின்னம் பொறிக்கப்பட்டது. அதனை ஏற்றியவர் விரும்பினால் இன்றிரவே நீக்கலாம். சந்தையிற் பொருள் கிடைப்பதும், களஞ்சியத்திற் பொருள் இருப்பதும் ஒன்றல்ல.

இங்கே தமிழ் பயில்வோர் அறிந்த ஒரு நெறி நமக்கு உதவும். ஏடு பதிப்பித்தோர் பல படிகளை ஒப்புநோக்கிப் பாடபேதம் குறித்தனர், இடைச்செருகலை விலக்கினர். திரைப்படத்திற்கும் பாடபேதம் உண்டு. முதலில் வெளியானது ஒன்று, தணிக்கைக்குப் பின் குறைந்தது ஒன்று, மறுவெளியீட்டிற் சுருக்கியது ஒன்று. இசைத்தட்டிற் கேட்கும் பாட்டும் படத்திற் கேட்கும் பாட்டும் எப்போதும் ஒன்றாக இருப்பதில்லை; ஒன்றிற் சரணம் மிகும், மற்றொன்றிற் குறையும். எது எதிலிருந்து எடுக்கப்பட்டது என்னும் குறிப்பில்லாத படி, ஏட்டின் மூலம் சொல்லாத பதிப்பை ஒக்கும். புதுப்பிக்கின்றோம் என்று பழைய ஒலியின்மேற் புதிய இடியோசையும் முழவோசையும் சேர்ப்பதோ வெளிப்படையான இடைச்செருகல். அதனைச் செய்வோர் செய்க. ஆனால் மூல ஒலியை மாற்றமின்றித் தனியே காத்த பின்னரே செய்க.

உரிமைச் சட்டம் தடுக்குமே என்பார் மூன்றாம் சாரார். இது மதிக்கத்தக்க தடை. 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி, திரைப்படத்திற்கும் ஒலிப்பதிவிற்கும் வெளியான ஆண்டை அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டு உரிமை உண்டு. பாட்டெழுதியோர்க்கும் இசையமைத்தோர்க்கும் அவர்தம் வாழ்நாள் முழுதும், அதன்பின் 60 ஆண்டும் உரிமை உண்டு. உழைத்தோர் உரிமையைப் பறித்துச் செய்யும் தொண்டு தொண்டாகாது. ஆயின், ‘அன்னக்கிளி’ப் படத்தின் உரிமை 2036 முடிய நிற்கும்; படச்சுருளின் சிதைவு அதுவரை காத்து நில்லாது. இதனைக் கருதியே போலும், 2012-இல் அச்சட்டத்தைத் திருத்தியோர், வணிக நோக்கமற்ற பொது நூலகம் தன்னிடமுள்ள படைப்பைப் பாதுகாப்பிற்காக மின்வடிவிற் சேமித்தல் குற்றமாகாது என்று விதித்தனர். ஆகவே காத்தல் இன்றே நிகழலாம். யாவர்க்கும் திறத்தல் உரிமையாளர் இசைவோடோ உரிய காலத்திலோ நிகழலாம். இவ்விரண்டையும் குழப்புவதாலேயே ஒன்றும் செய்யாதிருக்கின்றோம். அச்சிட்ட நூல் ஒவ்வொன்றையும் சென்னைக் கன்னிமாரா உள்ளிட்ட நூலகங்களுக்கு அளிக்கவேண்டும் என்று 1954-இலேயே சட்டம் வந்தது. திரைப்படத்திற்கு அத்தகைய கட்டாயம் இன்று வரை இல்லை. அதனை வேண்டிக் குரலெழுப்புதல் கற்றோர் கடமை.

இனி, நம்மால் ஆவது யாது? முப்பத்தைந்து மில்லிமீட்டர் மூலச்சுருளைச் சீர்செய்யும் கருவியும் பொருளும் நம்மிடம் இல்லை. அது அரசும் பெருநிறுவனமும் செய்யத்தக்கது. ஆனால் அதன் அருகே நின்று செய்யத்தக்க சிறுபணிகள் பல. அவை செய்யப்படாவிடின் பெரும்பணியும் குறையுடையதாகும்.

முதலாவது, நம் மாணவருட் பலர் சின்னமனூர், உத்தமபாளையம், போடி, தேவாரம், கோம்பை, கூடலூர் முதலிய ஊர்களிலிருந்து வருகின்றனர். ஒவ்வொருவரும் கோடை விடுமுறையில் தம் வீட்டுப் பரணையும், மூடிய கொட்டகையின் மூலையையும் பார்த்து வரலாம். பாட்டுப் புத்தகம், துண்டு நோட்டீசு, இசைத்தட்டு, ஒலிநாடா எதுவாயினும் உடையவர் இசைவோடு கொணர்ந்து, எண்வடிவிற் படியெடுத்துப் பொருளைத் திருப்பிக் கொடுக்கலாம்.

இரண்டாவது, டூரிங் கொட்டகைகளிற் படமோட்டியவர்களும், பேருந்தில் வரும் படப்பெட்டிக்காக வழியிற் காத்து நின்றவர்களும், பாவலர் வரதராசன் 1958-இல் தேவிகுளம் இடைத்தேர்தலில் மலையேறிப் பாடியபோது கேட்டவர்களும் ஆகிய முதியோரின் நினைவுகளை ஒலிப்பதிவு செய்யலாம். மேடைப்பாட்டுக்கு இசைத்தட்டு இல்லை. கேட்டவர் நெஞ்சே தட்டு. அத்தட்டும் ஆண்டுக்காண்டு குறைந்து வருகின்றது.

மூன்றாவது, படியெடுக்கும் முறை செம்மையாக இருத்தல் வேண்டும். ஒலிநாடாவைக் கைப்பேசியின் அருகே ஓடவிட்டுப் பதிதல் படியெடுத்தலாகாது. நாடாவைத் துடைத்து, நல்ல கருவியில் ஓட்டி, சுருக்காத கோப்பாக 24 பிட் அளவிற் பதியவேண்டும். இரைச்சலை நீக்கிய இனிய படி வேண்டுமாயின் அது வேறாக இருக்கட்டும். இரைச்சலோடு கூடிய மூலப்படியை அழித்தல் கூடாது. ஒவ்வொரு கோப்பிற்கும் மூன்று படிகள். அவை இருவகைச் சாதனங்களில். அவற்றுள் ஒன்று வேற்றூரில். இது காப்பகத்தார் யாவரும் கொண்ட எளிய விதி. ஆண்டுக்கொருமுறை திறந்து பார்த்தலும் அதன் பகுதியே. எண்வடிவமும் சாகாவரம் பெற்றதன்று. வன்தட்டுப் பழுதாகும், கோப்பின் வகை வழக்கொழியும். ஏட்டை நூறாண்டுக்கொருமுறை படியெடுத்தனர் முன்னோர். நாம் பத்தாண்டுக்குள் எடுக்கவேண்டும். வேற்றுமை அவ்வளவே.

நான்காவது, குறிப்பு. எவரிடமிருந்து, எந்த ஊரில், எந்நாளில் கிடைத்தது, எந்த நிறுவனத் தட்டு, எந்த எண், எத்தனை வினாடி என்பவற்றைத் தமிழிலேயே எழுதி இணைக்கவேண்டும். குறிப்பில்லாத சேமிப்பு சுடுகாட்டுக் கற்குவியலை ஒக்கும். யார் எங்கே கிடக்கின்றார் என்று ஒருவரும் அறியார்.

இப்பணி நம் நூலகத்தின் ஒரு சிறிய அறையில், ஒரு கணிப்பொறியும் இரண்டு பழைய ஒலிக்கருவிகளும் கொண்டு தொடங்கத்தக்கது. பழைய மாணவர் சங்கத்தார் மனம் வைத்தால் ஓராண்டிற்குள் நடைபெறும். தமிழ்த்துறையும் இயற்பியல்துறையும் கணிப்பொறித்துறையும் ஒன்றுகூடிச் செய்யத்தக்க பணி இதனினும் வேறில்லை.

மாணவ நண்பர்களே! நம் நிலம் நாள்தோறும் கற்பிக்கும் பாடம் ஒன்றைச் சொல்லி முடிக்கின்றேன். மேற்கு மலையிற் பெய்த மழை முன்னர் மேலைக் கடலில் வீணே சென்று கலந்தது. கிழக்கே நம் பள்ளத்தாக்கு வறண்டு கிடந்தது. 1895-இற் பென்னி குயிக் துரையின் முயற்சியால் முல்லைப் பெரியாற்று அணை முடிந்தது. மலையைக் குடைந்த வழியால் நீர் நம் பக்கம் திரும்பிற்று. இன்று நாம் உண்ணும் சோறு அத்தேக்கத்தின் பயன். அவர் புதிதாக ஒருதுளி மழையையும் பெய்விக்கவில்லை. பெய்த மழையைத் தேக்கினார். தேக்கியதை வாய்க்காலிற் பாயவிட்டார். தேக்காது பாயவிடின் வீண். பாயவிடாது தேக்கின் அதுவும் வீணே. காப்பகம் அணை, இணையம் வாய்க்கால்.

நம் மலையடிவாரத்தில் இசையும் கதையும் தாராளமாகப் பெய்துவிட்டன. இனிப் பெய்விக்கவேண்டுவதில்லை. ஓடிப்போவதைத் தேக்கவேண்டுவதே நம் பங்கு. வரும் கோடை விடுமுறையில் வீடு சென்றதும் பரணில் ஏறிப் பாருங்கள். அங்கே தூசு படிந்த ஒலிநாடாவோ, ஓரம் கிழிந்த பாட்டுப் புத்தகமோ கண்ணிற் பட்டால், ‘இதனை யார் கேட்கப் போகிறார்கள்?’ என்று எறிந்துவிடாதீர்கள். கேட்பதற்கு நாம் இருக்கின்றோம்.